நாலு பத்துக்குச் சாப்பிடும் நூடுல்

இதை நம்பச் சொல்லி யாரையும் நான் கெஞ்சப்போவதில்லை. நடந்தது. அவ்வளவுதான். தேதியையும் மணியையும் ஒரு தாளில் குறித்து வைத்திருக்கிறேன். அதைப் பார்த்துத்தான் எழுதுகிறேன்.

பேய் என்றால் நள்ளிரவு என்பார்கள். எனக்கு நடந்ததெல்லாம் மாலை நாலு பத்துக்கு. குளிர்காலத்தில் அமெரிக்காவின் வடக்கே எங்கள் டுலூத் ஊரில் அந்த நேரத்துக்கே வெளிச்சம் வடிந்துவிடும். தெருவிளக்கு எரியும். பள்ளிப் பேருந்துகள் இன்னும் ஓடிக்கொண்டிருக்கும். ஆட்கள் கடைக்குப் போவார்கள். அந்த நேரத்தில்தான்.

என் பெயர் நெல்ஸ். வயது முப்பத்திரண்டு. ஊர்க் கழிவுநீரைச் சோதிக்கும் ஆய்வுக்கூடத்தில் வேலை. காலை ஆறிலிருந்து இரண்டு வரை. எந்த நாற்றமும் என் மூக்குக்குப் புதிதல்ல. இதை இப்போதே சொல்லிவிடுகிறேன்.

என் மனைவி கொரின் மார்ச் ஒன்பதாம் தேதி இறந்தாள். ஞாயிற்றுக்கிழமை. மாற்று ஆள் வராததால் எனக்குக் கூடுதல் வேலை. சமையலறையில் நின்றுகொண்டிருந்தவள் அப்படியே விழுந்திருக்கிறாள். மூளையில் ரத்தக்குழாய் வெடித்துவிட்டது, மதியம் ஒரு மணி வாக்கில், உடனே போய்விட்டாள் என்றார் டாக்டர். நான் வீட்டுக்கு வந்தபோது மணி ஐந்து முப்பத்தைந்து. தொட்டியில் குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. முக்காலியில் சர்க்கரை டப்பாவில் சாய்த்தபடி, தரையைப் பார்த்துக்கொண்டு, அவள் போன் நின்றது. அவளுடைய இடது காலுறை நனைந்திருந்தது. குழாய்த் தண்ணீர் தெறித்திருக்கும் என்று நினைத்தேன். கழற்றிப் போட்டேன். ஈரக் காலோடு அவளை அனுப்ப மனம் வரவில்லை.

அழுதேனா என்று கேட்கிறார்கள். இல்லை.

நூடுலைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது ஒரு போன் செயலியில் இருக்கும் பிராணி. போனைத் தூக்கிப் பிடித்தால், நம் வீட்டுத் தரையிலேயே அது ஓடும். நாற்காலிக்குப் பின்னால் போனால் மறையும். மறுபக்கம் எட்டிப் பார்க்கும். போனைக் கீழே வைத்தால் வெறும் தரை. கொரினுக்குச் சின்ன வயதிலிருந்து நாய் ஆசை. நாங்கள் குடியிருந்த வீடுகளில் எல்லாம் பிராணிகளுக்குத் தடை. அதனால் இது.

"முடி கொட்டாது. மூத்திரம் போகாது. நாறாது. நமக்கு முன்னாடி செத்தும் போகாது. வேற என்னடா வேணும் உனக்கு?" என்றாள், முதல் நாள்.

நான் சிரித்தேன். பத்தாம் நாள் வேலையிலிருந்து போன் செய்து, "நூடுல் சாப்பிட்டுச்சா?" என்று கேட்டவன் நான்தான். அந்த மாதிரி அது ஆளை இழுக்கும். நாம் வந்தால் குதிக்கும். நாம் போனால் வாசலையே பார்த்தபடி உட்காரும். தூக்கத்தில் கால் உதைக்கும். அதற்கு நாம் வேண்டும். ஆனால் நம் கை அழுக்காகாது.

உணவு மட்டும் நிஜமாக வைக்க வேண்டும். ரொட்டியோ கேரட்டோ கேமரா முன்னால் வைத்தால், அதைச் சுற்றி ஒரு மஞ்சள் கட்டம் விழும். நூடுல் வந்து தின்னும். நிஜ ரொட்டி அப்படியே இருக்கும். எதைத் தின்கிறதோ அந்த நிறத்துக்கு மெல்ல மாறும். நூடுல் ரொட்டி தின்று வளர்ந்தது. வெளிர் மஞ்சள். உணவு வேளையையும் குறித்து வைக்கலாம். அந்த நேரத்துக்கு போன் திறந்திருந்தால், கண்ணில் படுவதை அது தானே தின்றுகொள்ளும். கொரின் குறித்தது நாலு பத்து. சமைக்கும்போது முக்காலியில் போனைச் சாய்த்து வைப்பாள். காலைச் சுற்றி அது ஓடுவது அவளுக்குப் பிடிக்கும்.

இன்னொன்று. வளர்ப்பவரின் குரலில் மூன்று நொடி பதிவு செய்ய வேண்டும். அந்தக் குரலுக்குத்தான் அது வரும்.

"நூடுல்... வா, வா, வா..." கடைசியில் ஒரு சிரிப்பு.

கொரினின் போன் பூட்டிக்கிடக்கிறது. எண் எனக்குத் தெரியாது. என்னிடம் இருப்பவை வெறும் படங்கள். அவள் குரல் இந்த உலகத்தில் ஒரே இடத்தில்தான் இருந்தது. எங்கள் இருவர் போனிலும் சேர்த்து வளர்த்த பிராணி என்பதால் என் போனிலும் அந்தப் பொத்தான் உண்டு. தினமும் ஒருமுறை அழுத்துவேன்.

மூன்று நாள் சாப்பிடாவிட்டால் பிராணி போய்விடும். திரும்ப வராது. குரலும் அதோடு போய்விடும்.

எனவே தினமும் ஒரு ரொட்டித் துண்டு. எட்டு மாதம் தவறவில்லை. மார்ச்சிலிருந்தே அதன் வயிற்றுக்கடியில் இளஞ்சிவப்பாக ஒரு திட்டு இருந்தது. வயதாகிறது போல என்று விட்டுவிட்டேன்.

நவம்பர் பதினொன்றாம் தேதி வீடு மாறினேன். சின்ன வீடு, தரைத்தளம். அங்கேதான் அந்தத் தப்பைச் செய்தேன். இந்தப் பிராணிகளுக்கு வீட்டில் ஓர் இடத்தைக் கூடு என்று குறிப்போம். அங்கேதான் அது தின்னும், தூங்கும். வீடு மாறும்போது முதலில் கூட்டை எடுக்க வேண்டும். பெட்டி கட்டும் அவசரத்தில் மறந்துவிட்டேன். பழைய வீட்டுச் சாவியையும் கொடுத்துவிட்டேன்.

பதினான்காம் தேதி நினைவு வந்து திறந்தபோது, 'நூடுல் கூட்டைத் தேடுகிறது. மீதம் மூன்று மணி நேரம்' என்றது திரை.

கூடத்துத் தரையைக் கேமராவில் காட்டிப் புதுக் கூடு கேட்டேன். இன்னொரு வரி வந்தது.

'இங்கே ஏற்கெனவே ஒரு கூடு இருக்கிறது. சேர்ந்துகொள்ளவா?'

முன்பு குடியிருந்தவர் எடுக்காமல் போன கூடு. அதை நீக்கச் சொல்லிக் கேட்டால் இரண்டு நாள் ஆகும். எனக்கு இருந்தது மூன்று மணி நேரம்.

சேர்ந்துகொண்டேன்.

மறுநாள் சனிக்கிழமை. ஏரிக்கரையில் எங்கள் கூட்டம் நடக்கும். பதினைந்து பேர் போனைத் தூக்கிப் பிடித்து, வெறும் தரையைக் கொஞ்சிக்கொண்டு போவோம். ஓடுகிறவர்கள் நக்கலடிப்பார்கள். "யோவ், உங்க நாய் என் காலக் கடிச்சிருச்சு, ஊசி யார் போடுறது?" லோனிதான் பதில் சொல்வான். லாரி மெக்கானிக். கதவளவு உடம்பு. ஆறு பிராணி வளர்க்கிறான்.

"அதுக்கு ஊசி போட்டாச்சுண்ணே. நீங்கதான் போட்டுக்கணும்!"

நான் கூட்டைப் பற்றிச் சொன்னதும் அவன் முகம் மாறியது.

"அடப்பாவி... யாருன்னே தெரியாதவன் கூட்டுலயா சேத்த? அந்தக் கூட்டோட சாப்பாட்டுத் தட்டும் சேந்துதான்டா வரும். எவன் எச்சியோ அது."

"வெறும் ஆப்தானே லோனி."

"ஆமா. வெறும் ஆப்தான். அதுக்குத்தான் நேத்து அப்படிப் பதறியிருக்க."

பதினாறாம் தேதி. நாலு பத்து. ரொட்டி வைத்தேன். மஞ்சள் கட்டம் விழுந்தது. நூடுல் முகர்ந்தது. திரும்பிக்கொண்டது. ஜன்னலுக்குக் கீழே, ஹீட்டர் பக்கம் போயிற்று. அங்கே ஒன்றுமில்லை. பழுப்புக் கம்பளம் மட்டும். ஆனால் அது தலையைக் குனிந்து தின்ன ஆரம்பித்தது.

சப்... சப்... சப்...

ஈரமான சத்தம். ரொட்டி தின்னும்போது மொறுமொறு என்று கேட்கும். இது வேறு.

'நூடுலுக்கு வயிறு நிறைந்தது' என்றது திரை. எதைத் தின்றது என்று காட்டும் இடம் காலி.

தினமும் இதே. ஒரே மூலை. ஒரே சத்தம். ரொட்டியைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஒரு வாரத்தில் உப்பிவிட்டது. வெளிர் மஞ்சள் போயிற்று. வயிற்றுத் திட்டு பரவி உடம்பு முழுக்க மூடியது. ரோமம் உதிர்ந்த இடமெல்லாம் வழவழப்பு. ரோமம் பிடுங்கிய கோழித்தோல் இருக்குமே, அந்த மாதிரி. புள்ளிப் புள்ளியாக. அங்கங்கே நீளமான நரைமுடி, இரண்டு மூன்று. பார்த்தால் உமிழ்நீர் கசக்கும்.

ஆனாலும் பொத்தானை அழுத்துவேன். கொரின் கூப்பிடுவாள். அந்தச் சதைப்பந்து அசைந்து அசைந்து வரும்.

இருபத்திரண்டாம் தேதி ஏரிக்கரையில் மற்றவர்களின் பிராணிகள் அதைக் கண்டதும் பின்வாங்கின. அப்படி ஓர் அசைவு இந்தச் செயலியில் உண்டு என்று யாருக்கும் தெரியாது. லோனி என் போனை வாங்கிப் பார்த்துவிட்டு உடனே திருப்பிக் கொடுத்தான். கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டான்.

"என்னடா போடுற இதுக்கு?"

"ஒண்ணும் போடல."

"அனுப்பிச்சு விட்டுரு நெல்ஸ்."

"கொரின் குரல் போயிரும்."

அவன் தன் போனை எடுத்தான். "என் போன்ல ரெகார்ட் பண்ணிக்கலாம். நான் வர்றேன்" என்றான்.

நன்றி தெரிவிக்கும் பண்டிகை நாளன்று வந்தான். நவம்பர் இருபத்தேழு. மணி மூன்று ஐம்பது. கையில் தாள் சுற்றிய தட்டு. அவன் மனைவி கொடுத்தனுப்பிய வான்கோழி, கிழங்கு மசியல்.

"சாப்பிடு முதல்ல. எலும்பும் தோலுமா நிக்கிற. உன் பன்னி மட்டும் கொழுத்துக்கிட்டே போகுது."

வேண்டுமென்றே ஒரு துண்டு வான்கோழியைக் கம்பளத்தில் வைத்தான். நூடுல் அதைத் தாண்டிப் போயிற்று. மூலைக்கு.

நாலு ஒன்பது. லோனி தன் போனில் பதிவைத் தொடங்கினான். நான் பொத்தானை அழுத்தினேன். இருவர் காதிலும் தெளிவாக விழுந்தது. "நூடுல்... வா, வா, வா..." சிரிப்பு. லோனியின் கண் கலங்கியது. அவன் கொரினோடு எப்போதும் வம்பிழுப்பான்.

நாலு பத்து.

முதலில் அவன்தான் சொன்னான்.

"டேய்... என்னடா அது?"

நாற்றம். தித்திப்பாக. மின்சாரம் போய் ஒரு வாரம் ஆன குளிர்பெட்டியைத் திறந்தது போல. தொண்டையில் எண்ணெயாக ஒட்டியது. கழிவுநீரில் பத்து வருடம் கை வைத்தவன் நான். வாயைப் பொத்திக்கொண்டேன்.

சப்... சப்... சப்...

லோனி வெளியே ஓடி, பனியில் குனிந்து வாந்தி எடுத்தான்.

போனை மூடினேன். நாற்றம் இல்லை. உடனே. விளக்கை அணைத்தது போல.

வாசற்படியில் நின்று பதிவைப் போட்டுக் கேட்டோம். பத்து நொடி. கொரின் இல்லை. அவள் பேசிய இடம் முழுக்க...

சப்... சப்... சப்...

"அழிச்சிரு" என்றேன்.

"நீயும் அழிச்சிருடா. கெஞ்சிக் கேக்குறேன்" என்றான்.

நான் அழிக்கவில்லை. எட்டு வருட வாழ்க்கையில் எனக்கு மிச்சம் மூன்று நொடி. அருவருப்பைப் பொறுத்துக்கொள்ளலாம் என்று முடிவு செய்தேன். வேலையிலும் அதைத்தானே செய்கிறேன்.

டிசம்பர் ஐந்து. வெள்ளிக்கிழமை. காய்ச்சல். பாதி நாளில் வந்துவிட்டேன். போனைப் பெட்டியில் சாய்த்து வைத்து, கம்பளத்தில் படுத்தேன். அதைத் தின்னவிட்டு ஒரு தடவை குரலைக் கேட்டுவிட்டுத் தூங்கலாம் என்றுதான். தலை ஹீட்டர் பக்கம். கால் கூடத்தின் நடுவில்.

கண் அயர்ந்துவிட்டேன்.

விழித்தபோது ஜன்னலில் வெளிச்சம் இல்லை. திரை மட்டும் எரிந்துகொண்டிருந்தது.

நாலு பத்து.

நூடுல் மூலைக்குப் போகவில்லை. நடுவில் நின்றது. தலையை ஆட்டி முகர்ந்தது.

திரையில் மஞ்சள் கட்டம் விழுந்தது. மெல்ல நகர்ந்தது. நின்றது.

என் இடது காலைச் சுற்றி.

கீழே எழுத்து வந்தது. இருபது நாளாகக் காலியாக இருந்த இடத்தில்.

'உணவு: இறைச்சி.'

எழ முயன்றேன். உடம்பு அசையவில்லை.

திரையில் அது குனிந்தது.

சப்...

பாதத்தில் ஈரம். வெதுவெதுப்பாக.

சப்... சப்...

காலுறைக்குள் ஊறியது. விரலிடுக்கு வரைக்கும்...

எப்படி உதைத்தேன் என்று தெரியாது. பெட்டி சரிந்தது. போன் கையில் வந்தது. 'வழியனுப்பு' என்ற பொத்தானைத் தேடினேன். ஐந்து நொடி விடாமல் அழுத்த வேண்டும்.

ஒன்று. கொரின் போய்விடுவாள்.

இரண்டு.

மூன்று. திரையில் அது என்னை நிமிர்ந்து பார்த்தது. வாய் பளபளத்தது.

நான்கு.

ஐந்து.

போகும்போது கடைசியாக ஒருமுறை குரல் ஒலிக்கும். அது வழக்கம்.

"நூடுல்... வா, வா, வா..."

சிரிப்பு.

மூன்று நொடி முடிந்தது. குரல் முடியவில்லை.

"ச்சீ... நூடுல்... கால விடு..."

திரை வெறுமையானது.

கொரின்தான். அந்தச் 'ச்சீ' அவளுடையது. ஆனால் அந்தப் பதிவில் அது இருந்ததே இல்லை. நூற்றுக்கணக்கான தடவை கேட்டவன் சொல்கிறேன்.

காலுறையைக் கழற்றினேன். பிழிந்தால் சொட்டியது. தண்ணீர் இல்லை. இழுபட்டது. அதிலும் அந்த நாற்றம்.

மறுநாள் காலை ஒன்பது மணிக்கு வீட்டைப் பார்த்துக்கொள்ளும் திருமதி கோவாச்சிடம் சாவியை நீட்டினேன். நான் ஒன்றும் சொல்வதற்கு முன்பே அவர் உட்கார்ந்துவிட்டார்.

"ஹீட்டர் பக்கமா தம்பி?"

"உங்களுக்கு எப்படித் தெரியும்?"

"மூணு தடவ கம்பளம் மாத்தியாச்சுப்பா. இன்னும் எனக்கு அங்க நிக்க முடியல."

முன்பு குடியிருந்தவர் அடீல் என்ற எழுபத்தொரு வயதுப் பெண். தனி ஆள். ஆகஸ்டில் ஜன்னலடியில் விழுந்து இறந்திருக்கிறார். பத்தொன்பது நாள் யாருக்கும் தெரியவில்லை.

"கதவ உடைச்சப்போ நான்தான் மொதல்ல போனேன். சார்ஜர்ல அந்தம்மா போன் நிக்குது, அவங்களப் பாத்துக்கிட்டே. அதுல ஏதோ பொம்ம மிருகம் குதிச்சுக்கிட்டு இருந்துச்சு. ரோஸ் கலரு. அப்படி ஒரு குண்டு..." அவர் வாயைப் பொத்திக்கொண்டார்.

எனக்கு ஓர் ஆறுதல் வந்தது என்று சொன்னால் தப்பாக நினைக்காதீர்கள். அப்படியானால் குற்றம் அந்தக் கூட்டில். அந்தத் தட்டில். அவசரத்தில் நான் செய்த தப்பு. கொரின் வளர்த்த நூடுல் அப்படி இல்லை. இதை உறுதி செய்துகொள்ளத்தான் செயலி நடத்துகிறவர்களுக்கு எழுதி, நூடுலின் உணவுப் பதிவு முழுவதையும் கேட்டேன்.

ஜனவரி பதினான்காம் தேதி வந்தது. ஒன்பது பக்கம். கடைசியிலிருந்து படித்தேன்.

டிசம்பர் ஐந்திலிருந்து நவம்பர் பதினாறு வரை: இறைச்சி. தினமும். நாலு பத்து. நான் எதிர்பார்த்ததுதான்.

அதற்கு முன்பு ரொட்டி. ரொட்டி. ரொட்டி. எட்டு மாதமும் நான் வைத்த ரொட்டி. மூச்சு சீரானது.

ஒரு வரி மட்டும் இடையில்.

மார்ச் ஒன்பது. மாலை நாலு பத்து. உணவு: இறைச்சி. இடம்: சமையலறைத் தரை.

அன்றைக்கு வீட்டில் இறைச்சி இல்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் முட்டைதான் சாப்பிடுவோம்.

அவளுடைய நனைந்த காலுறையைப் பற்றி மேலே எழுதியிருக்கிறேன். குழாய்த் தண்ணீர் என்று நினைத்ததாகவும்.

குழாய் சொட்டிக்கொண்டிருந்த தொட்டி, அவள் தலைப் பக்கம் இருந்தது.